கரை யாருடையது?

டாக்குரியா ஸ்டேஷனில் விடியற்காலை வந்து நிற்கும் கானிங் லோக்கலைப் பார்த்தவர்களுக்கு அந்தக் காட்சி புதிதல்ல. வண்டி முழுதாக நிற்பதற்குள் பெண்கள் கூட்டமாக இறங்குகிறார்கள். கையில் ஒரு பை, இடுப்பில் செருகிய சேலைத் தலைப்பு, கண்ணில் பாதித் தூக்கம். பத்து நிமிஷத்தில் பிளாட்பாரம் காலியாகிவிடுகிறது. வந்தவர்கள் ஜோத்பூர் பார்க், லேக் கார்டன்ஸ், கரியாஹாட் என்று நாலாபுறமும் பிரிந்து வீடு வீடாகப் பாத்திரம் தேய்க்கவும், வீடு துடைக்கவும், சமைக்கவும் போய்விடுகிறார்கள். லேக் மார்க்கெட் வரை பரவியிருக்கும் நம்மவர் வீடுகளிலும் இவர்கள் கை படாத அடுப்படி குறைவு.

இவர்களில் பெரும்பாலோர் கானிங், தால்தி, கூட்டியாரி ஷரீஃப் ஊர்க்காரர்கள். தினமும் வந்து போகிறவர்கள். ஆனால் அந்தக் கூட்டத்தில் சேராத இன்னொரு பிரிவும் உண்டு. ரயில் பாதையோரக் குடிசைகளிலும் வாடகை அறைகளிலும் தங்கி, மாதம் ஒரு முறை மட்டும் ஊருக்குப் போகிறவர்கள். எந்த ஊர் என்று கேட்டால், "கோசாபா" என்பார்கள். தினமும் வந்து போகிற தூரமில்லை. நடுவில் ஆறு இருக்கிறது.

அமாவாசையும் பௌர்ணமியும் நெருங்கினால் இவர்கள் முகம் மாறும். "பௌதி, நாளைக்கு பரா கோட்டால். கரை நிற்கணும்" என்று வேலைக்கு நடுவே சொல்வார்கள். பரா கோட்டால் என்றால் பெரிய ஓதம். கேட்கிற தமிழ் அம்மாளுக்கு அது பழகிப் போன பேச்சு. "நிற்கும், நிற்கும், நீ கவலைப்படாதே" என்று சொல்லிவிட்டு அடுப்பைக் கவனிக்கப் போய்விடுவார்.

அந்தக் கரைக்குப் பின்னால் நூறு வருஷத்துக்கு மேற்பட்ட கதை ஒன்று உண்டு. ஒரு காலத்தில் தனக்கென ஒரு ரூபாய் நோட்டு அச்சடித்துக்கொண்ட கிராமங்களின் கதை அது.

நாலணாத் தூரத்தில் ஒரு தீவு

டாக்குரியாவில் கானிங் வண்டியில் ஏறினால் ஜாதவ்பூர், பாகாஜதீன், கரியா தாண்டி சோனார்பூர் ஜங்ஷன். அங்கே டயமண்ட் ஹார்பர் பக்கம் போகும் பாதை பிரிகிறது. நம் வண்டி கிழக்கே திரும்பி சம்பாஹாட்டி, பியாலி, கூட்டியாரி ஷரீஃப் வழியாகக் கானிங் போய் முடிகிறது. சியால்டாவிலிருந்து கணக்கிட்டால் சுமார் 45 கிலோமீட்டர். இந்தியாவின் பழைய ரயில் பாதைகளில் இதுவும் ஒன்று. 1860-களில், கல்கத்தாவுக்குப் போட்டியாக மாத்லா நதிக்கரையில் ஒரு துறைமுகம் கட்ட வெள்ளைக்காரர்கள் ஆசைப்பட்டுப் போட்ட பாதை. 1867-ல் அடித்த புயலோடு துறைமுகக் கனவு போயிற்று. ரயில் மட்டும் மிஞ்சியது.

முன்பெல்லாம் கானிங்கில் படகு பிடிக்க வேண்டும். இப்போது மாத்லாவின் குறுக்கே பாலம் வந்துவிட்டது. வண்டி ஏறி பாசந்தி வழியாக கட்காலி துறைக்குப் போய், அங்கே படகில் ஆற்றைக் கடந்தால் எதிர்க்கரை கோசாபா. சுந்தரவனத்தில் இந்தியப் பக்கம் உள்ள தீவுகள் 102 என்றும், அவற்றில் 54-ல் மனிதர் வசிக்கிறார்கள் என்றும் கணக்கு. மீதி காடும் புலியும். கோசாபா வட்டாரம் மனித வாசத்துக்கும் காட்டுக்கும் எல்லையில் இருக்கிறது.

இந்தத் தீவுகளுக்கு ஒரு விசித்திரம் உண்டு. ஆறு கொண்டுவரும் வண்டல் படிந்து படிந்து நிலம் உயர வேண்டும், அது இயற்கை. நிலம் உயர்ந்து முடிவதற்கு முன்பே மனிதன் அவசரப்பட்டுக் காட்டை வெட்டிச் சுற்றிலும் மண்கரை போட்டுக் குடியேறிவிட்டான். வண்டல் வரும் வழி அடைபட்டது. ஆகவே ஓதம் ஏறும்போது ஆற்று நீர் வயலைவிட உயரத்தில் நிற்கிறது. நாளைக்கு இரண்டு தடவை ஓதம். நடுவில் இருப்பது மண்கரை ஒன்றுதான். ஓரிடத்தில் பத்தடி உடைந்தால் போதும், உப்பு நீர் ஊர் முழுவதும் பாயும். குளத்து மீன் செத்து மிதக்கும். நெல் இரண்டு மூன்று வருஷத்துக்குச் சரியாக விளையாது.

எனவே இங்கே "என் வயல், என் வீடு" என்று தனியாக ஒன்றும் இல்லை. ஒருவன் வீட்டெதிரே கரை உடைந்தால் எல்லோர் வயலும் போச்சு. இந்தப் பாடத்தை வியாபாரமாகவும் வாழ்க்கையாகவும் மாற்றிக் காட்ட முனைந்தவர் ஒரு ஸ்காட்லாந்துக்காரர்.

கப்பல் கம்பெனி துரை

டேனியல் ஹாமில்டன் 1860-ல் பிறந்தவர். இருபது வயதில் மக்கின்னன் மெக்கன்ஸி என்ற பெரிய கப்பல் கம்பெனியின் வேலைக்காக பம்பாய் வந்தார். பிறகு கல்கத்தா ஆபீசின் தலைமைக்கு உயர்ந்தார். பணம், பதவி, 1906-ல் 'சர்' பட்டம் எல்லாம் கிடைத்தன. ஓய்வு பெற்றுச் சீமைக்குக் கப்பலேறியிருக்கலாம். ஆனால் 1903-ல் அவர் அரசாங்கத்திடமிருந்து குத்தகைக்கு எடுத்தது சுந்தரவனத்தில் சுமார் 9,000 ஏக்கர் காடும் சேறும். கோசாபா, ராங்காபேலியா, சாத்ஜேலியா என்னும் தீவுகள் அவை.

காடு வெட்டி, கரை போட்டு, குளம் தோண்டி, ஆட்களைக் குடியேற்றினார். மேதினிபூரிலிருந்தும் குல்னா பக்கமிருந்தும் நிலமற்ற ஏழைகள் வந்தனர். சந்தால் பழங்குடியினரும் வந்தனர். வந்தவர்களுக்கு முதலில் எதிரியாக நின்றது புலியல்ல, மகாஜன். நம் ஊர் லேவாதேவிக்காரர்தான் அங்கே மகாஜன். விதைநெல்லுக்குக் கடன், கல்யாணத்துக்குக் கடன், அறுவடையில் பாதி வட்டிக்கே போய்விடும். நிலம் கொடுத்தும் மனிதன் அடிமையாகவே இருந்தான்.

இதற்கு ஹாமில்டன் கண்ட மருந்து கூட்டுறவு. இந்தியாவில் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது 1904-ல். அந்தச் சட்டத்துக்கு வித்திட்டது நம் சென்னை மாகாணம் என்பது நம்மவர் பெருமைப்பட வேண்டிய விஷயம். ஃபிரெடெரிக் நிக்கல்ஸன் என்ற அதிகாரி ஜெர்மனி நாட்டுக் கிராமச் சங்கங்களைப் பற்றி 1895-லும் 1897-லும் சென்னை சர்க்காருக்குக் கொடுத்த அறிக்கைகள் அதன் முன்னோடி. திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியதும் அதே 1904-ல்தான். அந்தக் கடையில் அரிசி, பருப்பு வாங்கி வளர்ந்த குடும்பங்கள் கல்கத்தாவிலும் இருக்கக் கூடும்.

கோசாபாவில் 1916-ல் 15 அங்கத்தினர்களுடன் முதல் கடன் சங்கம் பிறந்தது. முதலீடாக ஹாமில்டன் 500 ரூபாய் கொடுத்தார். ஒருவருக்கொருவர் ஜாமீன். ஒருவன் கட்டாவிட்டால் மற்றவர் பொறுப்பு. ஆகவே யாருக்கு எதற்குக் கடன் தருகிறோம் என்பதை எல்லோரும் கவனித்தார்கள். ரயில்வேயிலும் தபால் இலாகாவிலும் 'சொசைட்டி லோன்' வாங்கியவர்களுக்கு இந்த முறை எளிதில் விளங்கும். இரண்டு சக ஊழியர்கள் கையெழுத்துப் போட்டால்தானே நமக்கும் பணம் கிடைக்கிறது!

அதன் பிறகு ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. 1918-ல் கூட்டுறவுக் கடை. 1919-ல் மாதிரிப் பண்ணை. 1923-ல் நெல் விற்பனைச் சங்கம். 1924-ல் மத்திய கூட்டுறவு வங்கி. 1927-ல் யாமினி அரிசி ஆலை. 1934-ல் கிராமப் புனரமைப்புப் பயிற்சிக் கூடம். இவற்றோடு பள்ளிகள், மருந்தகங்கள்.

இவை எப்படி ஒன்றோடொன்று கோக்கப்பட்டிருந்தன என்பதுதான் கவனிக்க வேண்டியது. குடியானவன் கடன் வாங்குவது கிராமச் சங்கத்தில். சங்கத்துக்குப் பணம் தருவது வங்கி. விளைந்த நெல் போவது விற்பனைச் சங்கத்துக்கு. அது நெல்லை மொத்தமாக நல்ல விலைக்கு விற்று, கடனைக் கழித்துக்கொண்டு மிச்சத்தைக் கொடுக்கும். அந்தப் பணத்துக்குத் துணியும் எண்ணெயும் வாங்குவது கூட்டுறவுக் கடையில். பணம் தீவைவிட்டு வெளியே ஓடாமல் உள்ளேயே சுற்றி வந்தது. மகாஜன் நுழைய இடுக்கு இல்லை.

1932 டிசம்பர் கடைசியில் ரவீந்திரநாத் தாகூர் கோசாபா வந்து தங்கினார். பத்து வருஷத்துக்கு முன்பே, 1922-ல், சாந்திநிகேதனுக்கு அருகே ஸ்ரீநிகேதனில் கிராமப் புனரமைப்பு வேலையை ஆரம்பித்தவர் அவர். இருவரும் ஒரே கவலையை இரு வழியில் அணுகியவர்கள். தாகூர் தங்கிய மர பங்களாவும், ஹாமில்டனின் பங்களாவும் இன்றும் கோசாபா போகிறவர்கள் பார்க்கும் இடங்கள்.

உழைப்பே ஜாமீன்

1936-ல் ஹாமில்டன் செய்த காரியம் இன்றும் நாணயச் சேகரிப்பாளர்களை வியக்க வைக்கிறது. தம் பண்ணைக்கென ஒரு ரூபாய் நோட்டு அச்சடித்தார். அதைக் கொண்டுவருபவருக்கு ஒரு ரூபாய் மதிப்புள்ள அரிசி, துணி, எண்ணெய் முதலியவை கொடுக்கப்படும் என்று உறுதிமொழி. நோட்டின் பின்பக்கத்தில் அதன் தத்துவம். இந்த நோட்டுக்கு மதிப்புத் தருவது வெள்ளியோ தங்கமோ அல்ல, இதைக் கொண்டு செய்யப்படும் உழைப்பும் அந்த உழைப்பால் உண்டாகும் சொத்துமே என்பது அதன் சாரம்.

என்ன உழைப்பு? கரை கட்டுவது, குளம் வெட்டுவது, நிலம் திருத்துவது போன்றவை. கரைக்கு மண் போட்டவன் கையில் நோட்டு வரும். நோட்டைக் கடையில் கொடுத்தால் அரிசி வரும். கரை உயர உயர நெல் பெருகும். நெல் பெருகப் பெருக நோட்டு செல்லும். கஜானாவில் தங்கம் இல்லாத ஏழை நாடு, கையில் உழைப்பு மட்டும் உள்ள மனிதர்களை வைத்து எப்படிப் பணம் உண்டாக்கலாம் என்பதே துரையின் ஆராய்ச்சி. அவருக்கு ரிசர்வ் வங்கியின் கணக்கைவிடக் கோசாபாக் கரையின் உயரம் முக்கியமாகப் பட்டது.

துரைக்குப் பிறகு

ஹாமில்டன் 1939 டிசம்பரில் காலமானார். அவருக்குப் பின் அமைப்பு மெல்லத் தளர்ந்தது. இதற்கு யுத்தம், 1943-ன் வங்கப் பஞ்சம், 1947-ன் பிரிவினை என்று பல காரணங்கள் உண்டு. ஆனால் அடியில் ஒரு காரணம் இருக்கிறது. அதை மறைத்துப் புகழ் பாடுவதில் பயனில்லை.

கூட்டுறவு குடியானவர்களுடையதாக இருந்தது. நிலமோ துரையினுடையதாக இருந்தது. எவ்வளவு நல்லவராக இருந்தாலும் அவர் ஜமீன்தார், மற்றவர்கள் குடிவாரக்காரர்கள். எங்கே கரை போடுவது, யார் மண் சுமப்பது, யார் வயலில் கோடு விழுவது என்ற முடிவு பங்களாவிலிருந்து வந்தது. நல்ல முடிவாகவே வந்திருக்கலாம். ஆனால் முடிவு செய்யும் பழக்கம் ஜனங்களுக்கு வரவில்லை. தலை போனதும் உடம்புக்கு நடக்கத் தெரியவில்லை.

1953-ல் மேற்கு வங்கத்தில் ஜமீன்களை எடுத்துக்கொள்ளும் சட்டம் வந்தது. குடியானவனுக்கு நிலத்தின் மேல் உரிமை வந்தது, அது நியாயம். அதோடு இன்னொன்றும் நடந்தது. ஜமீன்தார்கள் பராமரித்து வந்த சுந்தரவனக் கரைகள் சர்க்காரின் பாசன இலாகா கைக்குப் போயின. சுமார் 3,500 கிலோமீட்டர் நீளமுள்ள மண்கரை! நிலம் தனித்தனி ஆளுக்கு, கரை இலாகாவுக்கு. நடுவில் ஊருக்கென்று ஒன்றும் மிஞ்சவில்லை.

இந்த இடைவெளியை நிரப்ப முயன்றவர்களில் முக்கியமானவர் துஷார் காஞ்சிலால். 1967-ல் ராங்காபேலியா உயர்நிலைப் பள்ளிக்குத் தலைமை ஆசிரியராக வந்தவர், அங்கேயே வேர் பிடித்துவிட்டார். வீடு வீடாகக் கணக்கெடுத்து, வருஷத்தில் எத்தனை மாதம் எந்த வீட்டில் சோறு இல்லை என்று குறித்துக்கொண்டார். மழை நீரைக் குளத்தில் பிடித்து இரண்டாம் போகம் பயிரிடச் செய்தார். அவருடைய மனைவி பீனா காஞ்சிலால் பெண்களைச் சங்கமாகத் திரட்டினார். காஞ்சிலாலுக்கு 1986-ல் பத்மஸ்ரீ கிடைத்தது. 2020 ஜனவரியில் அவர் மறைந்தபோது தீவுகளில் பலர் சொந்த வாத்தியாரை இழந்ததாகவே துக்கப்பட்டனர்.

பதினான்கு கிராமப் பஞ்சாயத்துகள்

துரையின் பங்களா இருந்த இடத்தில் இன்று அதிகாரம் செய்வது பஞ்சாயத்து சமிதி. நம் ஊராட்சி ஒன்றியம் போன்றது. 1973-ன் சட்டப்படி 1978-ல் மேற்கு வங்கத்தில் மூன்றடுக்குப் பஞ்சாயத்துத் தேர்தல் நடந்தது. கோசாபா வட்டாரத்தில் 14 கிராமப் பஞ்சாயத்துகள். கோசாபா, ராங்காபேலியா, சாத்ஜேலியா, லாஹிரிபூர், குமீர்மாரி, பாலி, சோட்டா மொல்லாகாலி எல்லாம் இதில் சேர்ந்தவை. 2011 ஜனத்தொகைக் கணக்கில் வட்டாரத்தில் சுமார் இரண்டரை லட்சம் பேர்.

துரைக்குச் சொந்தமாக இருந்தது ஓட்டுப் போடுகிறவர்களுக்கு வந்தது பெரிய மாற்றம். ரோடு, குழாய்க் கிணறு, வீட்டு மானியம், வேலை அட்டை எல்லாவற்றையும் ஜனங்கள் கேட்டு வாங்குகிறார்கள், சண்டை போட்டும் வாங்குகிறார்கள். ஆனால் கரையைப் பொறுத்தமட்டில் பஞ்சாயத்தின் கை நீளம் குறைவு. பெரிய கரை இலாகாவினுடையது. பஞ்சாயத்து ஆள் போட்டுச் செடி நடலாம், மண் போடலாம், மனுப் போடலாம்.

2009 மே 25-ல் 'ஐலா' புயல் வந்தது. முந்தின நாள் அமாவாசை. புயலும் பெரிய ஓதமும் சேர்ந்து சுமார் 778 கிலோமீட்டர் கரையைச் சேதப்படுத்தின. வயல்கள் உப்பாகின. கரைகளைப் புதிதாக, உயரமாகக் கட்ட 5,032 கோடி ரூபாய்க்குத் திட்டம் போடப்பட்டது. ஆனால் அதில் நடந்து முடிந்தது சிறு பகுதியே. 2020 மே 20-ல் 'அம்ஃபான்'. 2021 மே 26-ல் 'யாஸ்'. யாஸ் கரை கடந்தது ஒரிஸ்ஸாவில்தான். ஆனாலும் அன்று பௌர்ணமி. சுந்தரவனத்தில் கடல் நீர் கரைக்கு மேலாகவே வழிந்து உள்ளே வந்தது.

பணம் ஒதுக்கியும் வேலை ஏன் நகரவில்லை? இங்குதான் விஷயத்தின் முடிச்சு இருக்கிறது.

ஆறு கரையை அரித்துக்கொண்டே வரும். அரித்த இடத்திலேயே திரும்பக் கட்ட முடியாது. பின்வாங்கி, ஊருக்குள் கொஞ்சம் தள்ளி, வளைவாகப் புதுக் கரை போட வேண்டும். வெள்ளைக்காரன் காலத்திலிருந்து இதை 'ரிங் பாந்த்' என்கிறார்கள். புதுக் கரை யாரோ ஒருவன் வயல் மீது விழும். அதற்கு வெளியே விடப்படும் நிலம் சில வருஷத்தில் ஆற்றோடு போய்விடும். அகலமான கரை என்றால் இன்னும் அதிக வயல் வேண்டும். இரண்டு பீகா மட்டும் வைத்திருப்பவன் அந்த இரண்டையும் கொடுத்தால், ஊரிலுள்ள இருநூறு குடும்பத்தின் நெல் பிழைக்கும். அவன் குடும்பம் மட்டும் டாக்குரியாவுக்கு வண்டி ஏறும்.

அவன் கொடுக்க மறுத்தால் அவனைச் சுயநலக்காரன் என்று சொல்ல யாருக்கு வாய் வரும்? கரையோரத்தான் நிலம் போகிறது, நடுவூரான் பயிர் பிழைக்கிறது. நஷ்ட ஈடு கோப்பில் வருஷக்கணக்கில் நகர்கிறது. பட்டா யார் பேரில், அண்ணன் தம்பி பாகம் எப்படி, ஆவணம் எங்கே என்று கேள்வி மேல் கேள்வி. அதற்குள் அடுத்த ஓதம்.

ஹாமில்டன் காலத்தில் துரை உத்தரவு போட்டால் முடிந்தது. இலாகாவின் காலத்தில் சட்டப்படி கையகப்படுத்த வேண்டும். உத்தரவும் அல்லாமல் கையகப்படுத்தலும் அல்லாமல் மூன்றாவது வழி ஒன்று உண்டா? நஷ்டத்தை ஊரே பங்கு போட்டுக்கொள்வது. கரைக்கு ஒருவன் இரண்டு பீகா கொடுத்தால், உள்ளே இருப்பவர்கள் ஆளுக்குக் கொஞ்சம் விட்டுக்கொடுத்து அவனுக்கு நிலம் சேர்த்துத் தருவது. கேட்க எளிது. செய்ய, நிலம் ஊருடையது என்ற நினைப்பு வேண்டும்.

தமிழ்நாட்டில் 'கரை' என்றால் பங்கு

இது நமக்குத் தெரியாத சங்கதி அல்ல. பழைய தமிழ்நாட்டுக் காணியாட்சி ஊர்களில் 'கரை' என்ற சொல்லுக்குப் பங்கு என்றே ஒரு பொருள் இருந்தது. நிலத்தைக் கரைகளாகப் பிரித்து, சில வருஷத்துக்கு ஒரு முறை பங்காளிகளுக்குள் மாற்றிக்கொள்வார்கள். அதற்குக் கரையீடு என்று பேர். இந்த முறை மேட்டு நிலம் வாய்த்தவனுக்கு அடுத்த முறை நன்செய். நல்லதும் கெட்டதும் எல்லோர் தலையிலும் சுற்றி வரும். வெள்ளைக்காரன் ஆளுக்கு ஆள் பட்டா கொடுத்த பிறகு அது மறைந்தது. ஆனால் அந்தப் பங்கு மிராசுதாரர்களுக்குள் மட்டும்தான். சேற்றில் இறங்கி உழைத்தவனுக்குக் கரையும் இல்லை, ஈடும் இல்லை. இதையும் சேர்த்துச் சொன்னால்தான் கதை முழுமை.

குடிமராமத்தும் அப்படியே. ஏரிக்கரையை ஊரார் வீட்டுக்கு ஓர் ஆள் என்று போய்ச் செப்பனிடுவது வழக்கம். ஏரிகள் மராமத்து இலாகாவுக்குப் போன பின் அந்த வழக்கம் தேய்ந்தது. 2017-ல் தமிழக அரசு அந்தப் பேரிலேயே ஒரு திட்டத்தைத் தொடங்கியது. பேர் திரும்பியது, பழைய பொறுப்புணர்வு அவ்வளவு எளிதில் திரும்புமா என்பது ஊருக்கு ஊர் வேறுபடுகிறது.

வினோபா பாவே 1951 ஏப்ரல் 18-ல் போச்சம்பள்ளியில் பூதானத்தை ஆரம்பித்தார். அது வளர்ந்து கிராமதானமாயிற்று. நிலத்தின் உரிமையைக் கிராம சபைக்கே எழுதிவைத்துவிடுவது கிராமதானம். தமிழ்நாட்டில் மதுரை ஜில்லாவில் ஜெகந்நாதனும் கிருஷ்ணம்மாளும் ஊர் ஊராக நடந்து அதைப் பரப்பினர். தானப் பத்திரங்கள் குவிந்தன. பல ஊர்களில் பத்திரம் பத்திரமாகவே நின்றுவிட்டது. 1968-ன் கீழவெண்மணிக் கொடுமைக்குப் பிறகு அந்தத் தம்பதியர் கீழத்தஞ்சைக்குப் போனார்கள். 1981-ல் 'லாஃப்டி' என்ற அமைப்பை நிறுவி, நிலத்தை விலைக்கு வாங்கி உழுபவர்களுக்கு, அதுவும் வீட்டுப் பெண்கள் பேரில், பதிவு செய்து கொடுத்தனர். தானம் கேட்டு நின்ற இடத்தில் பேரம் பேசி வாங்கும் வழிக்கு வந்தார்கள். அனுபவம் கற்றுக்கொடுத்த பாடம் அது.

வெளிநாட்டு உதாரணம் என்றால் இஸ்ரேல் நாட்டின் 'கிபுட்ஸ்' கிராமங்களைச் சொல்வார்கள். முதல் கிபுட்ஸான டெகானியா 1910-ல் கலிலேயக் கடலோரம் தோன்றியது. ஹாமில்டன் கோசாபாவில் காடு வெட்டத் தொடங்கி ஏழு வருஷம் கழித்து! அங்கே நிலம், டிராக்டர், சமையலறை எல்லாம் பொது. ஒவ்வொரு கிராமத்துக்கும் சொந்தக் கமிட்டி. பல கிராமங்கள் சேர்ந்து ஒரு வட்டார மன்றம். பள்ளி, சாலை, குடிநீர் போன்றவற்றை மன்றம் பார்க்கும். அவர்களுக்கும் சோதனை வந்தது. 1980-களில் பெருங்கடனில் சிக்கின. பிறகு பெரும்பாலான கிராமங்கள் சம்பளத்தில் சமத்துவத்தைக் கைவிட்டன. பொதுச் சமையலறைகள் பல மூடப்பட்டன. ஆயினும் கிராமத்தின் ஓரத்து வயல் நஷ்டமானால் அந்த நஷ்டம் ஒரு குடும்பத்தின் தலையில் விழாது. கோசாபாவில் விழுகிறது. வித்தியாசம் அங்கேதான்.

கோரமண்டலில் போகிறவர்கள்

ஐலாவுக்குப் பிறகு தீவு ஆண்கள் கூட்டம் கூட்டமாக வெளியேறினர். கேரளா, அந்தமான், தமிழ்நாடு. திருப்பூர் பனியன் கம்பெனியிலும், சென்னைக் கட்டட வேலையிலும் வங்காளி பேசும் இளைஞர்களைப் பார்த்து நம் ஊர்க்காரர்கள் ஆச்சரியப்படுவதுண்டு. அவர்களில் பலர் இந்த உப்பு நிலத்து மக்கள். லீவில் ஊருக்குப் போகும் நம்மவர் ஏறும் அதே கோரமண்டல் எக்ஸ்பிரஸில் பொதுப் பெட்டியில் நின்றுகொண்டே போகிறார்கள். 2023 ஜூன் 2-ல் பாலசோர் அருகே பாஹாநாகாவில் அந்த வண்டி விபத்துக்குள்ளாகி 290-க்கும் மேற்பட்டோர் மாண்டபோது, தென் 24 பர்கானா ஜில்லாவின் கிராமங்களிலும் பிரேதங்கள் வந்து இறங்கின. தெற்கே கூலி வேலைக்குப் புறப்பட்டவர்கள் அவர்கள்.

பிழைப்புக்காக ஊரைவிட்டு வந்த நமக்கு அவர்கள் நிலைமை புரியாமல் இருக்க முடியாது. தஞ்சாவூரிலிருந்தும் திருநெல்வேலியிலிருந்தும் நாம் வடக்கே வந்தோம். அவர்கள் கோசாபாவிலிருந்து தெற்கே போகிறார்கள். அவர்கள் வீட்டுப் பெண்கள் நம் வீட்டுப் பாத்திரத்தைத் தேய்க்கிறார்கள்.

ஊரில் மிஞ்சியிருப்பவர்கள் சும்மா இல்லை. கரைக்கு வெளியே சேற்றில் அலையாத்திக் கன்று நடும் பெண்களைக் கோசாபா வட்டாரம் எங்கும் காணலாம். அம்ஃபானுக்குப் பின் மாநில அரசு 5 கோடிக் கன்றுகள் நடுவதாக அறிவித்தது. அலையாத்தி வேர் பிடித்தால் அலையின் வேகம் தணியும், கரை நிற்கும். உப்பைத் தாங்கும் பழைய நெல் ரகங்களைத் தேடிப் பிடித்து மறுபடி பயிரிடுகிறவர்களும் உண்டு. ஓதம் ஏறும் இரவுகளில் இலாகா ஆள் வருவதற்கு முன்பே மண்வெட்டியும் மூங்கிலும் எடுத்துக்கொண்டு ஊர் கரையில் நிற்கிறது. அந்த இரவில் மட்டும் கரை யாருடையது என்று யாரும் கேட்பதில்லை.

விடிந்ததும் கேள்வி திரும்ப வந்துவிடுகிறது. பட்டா, பாகம், நஷ்ட ஈடு. இரவில் இருந்த ஊர் பகலில் தனித்தனி வீடுகளாகிவிடுகிறது. அந்த இரவு உணர்ச்சியைப் பகலிலும் நிற்கும்படி செய்ய ஹாமில்டன் ஒரு ரூபாய் நோட்டில் எழுதிப் பார்த்தார். வினோபா தானப் பத்திரத்தில் எழுதிப் பார்த்தார். கோசாபாவின் பதினான்கு பஞ்சாயத்துகள் அதைத் தம் தீர்மானப் புத்தகத்தில் எழுத வேண்டியிருக்கிறது. நிலம் இழந்தவனுக்கு ஊரே பங்கு தருவது என்ற ஒரு தீர்மானம் நிறைவேறி நடப்புக்கு வந்தால், அது அரிசி ஆலையைவிடவும் அச்சடித்த நோட்டைவிடவும் பெரிய காரியமாக இருக்கும்.

அதுவரை, மாலையில் டாக்குரியா ஸ்டேஷனில் கானிங் லோக்கலுக்குக் கூட்டம் நிற்கும். அதில் மாதம் ஒரு முறை ஊருக்குப் போகும் கோசாபாப் பெண்ணும் நிற்பாள். "போய்விட்டு வா, கரை நிற்கும்" என்று வழக்கம் போலச் சொல்லி அனுப்பும் தமிழ் அம்மாள், அடுத்த முறை அவள் திரும்பி வந்ததும் "கரை எப்படி இருக்கிறது?" என்று ஒரு வார்த்தை கேட்டாலும் போதும். சொல்வதற்கு அவளிடம் நிறைய இருக்கிறது.